கறுப்பொட்டு: நினைவை எடுத்துக்கொண்டு போகும் ஒரு பொருளுக்கு என்ன விதி வைப்பது?

#1 தண்ணீர்மலை (பினாங்கு)

வணக்கம் நண்பர்களே. மூன்று வருடமாக ஒரு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். பாதிக் கதை செபராங் பிறைப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில், ஜப்பான்காரன் போன பிறகான வருடங்களில் நடக்கிறது. மீதி இன்றைய ஜார்ஜ் டவுனில். ஊர், காலம், வேலை எல்லாம் நிஜம். ஒரே ஒரு பொருள் மட்டும் என் கற்பனை. அதில்தான் சிக்கி நிற்கிறேன்.

அதன் பெயர் கறுப்பொட்டு. மரம் சீவிய கோட்டில் வழிந்து காய்ந்து ஒட்டியிருக்கும் ஒட்டுப்பால் உங்களுக்குத் தெரியும். ஒரு தோட்டத்தில் ஏதோ ஒரு மரத்தில், பல வருடத்துக்கு ஒரு முறை, அந்த ஒட்டு கருகருவென்று காய்ந்திருக்கும். அதைப் பிரித்து எடுத்துத் தூபக்காலில் தணல் மேல் போட்டால் புகை வரும். அந்தப் புகையில் உட்கார்ந்து ஒருவர் வாய்விட்டு எதைச் சொல்கிறாரோ, அந்த நினைவு அவரை விட்டுப் போய்விடும். கட்டை விரல் நகம் அளவு துண்டு ஓர் இரவுக்குக் காணும். மனதுக்குள் நினைத்தால் போதாது, வாயைத் திறந்து சொல்ல வேண்டும். இவ்வளவுதான் நான் வைத்திருக்கும் விதி.

கதையில் தாத்தா, யுத்த காலத்தில் ஜப்பான்காரன் பர்மாவுக்குப் போட்ட சயாம் ரயில் பாதை வேலையிலிருந்து உயிரோடு திரும்பியவர். தூங்க முடியாமல் கிடக்கிறார். பாட்டி எங்கிருந்தோ இதைக் கொண்டுவந்து புகை போடுகிறாள். அவர் எல்லாவற்றையும் சொல்லி முடிக்கிறார். விடிந்ததும் எல்லாம் போய்விடுகிறது, நிம்மதியாக வாழ்கிறார்.

படித்துப் பார்த்த இரண்டு பேரும் ஒரே குறையைச் சொன்னார்கள்: "இது ரொம்ப சுலபமாக இருக்கிறது. வலி வந்தது, மருந்து போட்டாய், போய்விட்டது." சரியான குறை. இந்தப் பொருளுக்கு ஒரு விலை வேண்டும். தலைவலி வரும், ஆயுள் குறையும் என்கிற மாதிரி ஒட்டவைத்த விலை வேண்டாம். பொருளின் இயல்பிலிருந்தே வரும் விலையாக இருக்க வேண்டும். தோட்டத்தில் வளர்ந்தவர்கள், மருத்துவத் துறையில் இருப்பவர்கள், நிறைய கதை படிப்பவர்கள் எல்லாரும் சொல்லுங்கள்.


#2 நிரை ஏழு (சுங்கை பட்டாணி)

விலைக்குப் பிறகு வருகிறேன். முதலில் பெயரைச் சரி செய்யுங்கள், தம்பி.

ஒட்டுப்பால் எல்லாமே கறுத்துத்தான் போகும். வெட்டின அன்றைக்கு வெள்ளை. மறுநாள் மஞ்சளடிக்கும், நாலு நாள் கிடந்தால் பழுப்பு, அதற்கு மேல் கறுப்பு. காற்றுப் பட்டால் அதன் குணம் அது. நான் பன்னிரண்டு வயது வரை அம்மாவோடு நிரைக்கு, அவர் சீவுகிற மர வரிசைக்கு, போய் ஒட்டுப்பால் பிரித்திருக்கிறேன். வெட்டுவதற்கு முன்னால் கோட்டில் இருக்கும் பழைய ஒட்டை நகத்தால் நெம்பி இழுத்தால் நூல் மாதிரி நீளமாக வரும். இழுத்த இழுப்பில் சுருண்டு விரலில் அடிக்கும். அதைச் சுருட்டி இடுப்புக் கூடையில் போடுவோம். கூடை நிறைய கறுப்பாகத்தான் இருக்கும். உங்கள் கறுப்பொட்டை எந்தத் தொழிலாளியும் அதிசயமாகப் பார்க்க மாட்டார், மற்றதோடு சேர்த்து எடைக்குப் போட்டுவிடுவார்.

அதிசயம் வேண்டுமென்றால் திருப்புங்கள். எத்தனை நாளானாலும் கறுக்காத ஒட்டு. வெட்டின அன்றைக்கு இருந்த வெள்ளை அப்படியே இருக்கும். அப்புறம் வாசனை. கட்டிப்பால், அதாவது கிண்ணத்தில் உறைந்து கட்டியான பால், அதன் நாற்றம் தெரிந்தவர்களுக்குத் தெரியும், பால் ஸ்டோர் பக்கம் போய்வந்த சட்டையை வீட்டுக்குள் விட மாட்டார்கள். இது நாறக் கூடாது. நாறாத, கறுக்காத ஒட்டைப் பார்த்தால் என் அம்மா நிச்சயம் கையை உதறியிருப்பார்.

வெள்ளொட்டு என்று வையுங்கள்.

எந்த மரத்தில் வரும் என்பதற்கும் ஒரு யோசனை. அளவுக்கு மீறி வெட்டினால் சில மரம் பால் விடுவதை நிறுத்திவிடும். பட்டை வறண்டு, கோடு பழுப்பாகிக் கிடக்கும். வேலையை மேற்பார்க்கும் மண்டோர் அதில் குறி போட்டு ஒதுக்கிவிடுவார். அப்படி வருடக்கணக்கில் வறண்டு கிடந்த மரம் திடீரென்று ஒரு நாள் பால் விட்டால்? அந்த ஒரு நாள் பால்தான் வெள்ளொட்டு ஆகும் என்று வைத்துக்கொள்ளலாம். கேட்டால் தோட்டத்து ஆள் நம்புவார்.


#3 தண்ணீர்மலை

அண்ணா, இதற்காகத்தான் இங்கே வந்தேன். மூன்று வருடம் கறுப்பு என்று எழுதியிருக்கிறேன். இன்றிலிருந்து வெள்ளொட்டு. வறண்ட மரத்தையும் எடுத்துக்கொள்கிறேன். தலைப்பை மாற்ற வழியில்லை, மன்னிக்கவும்.


#4 இரவுப்பணி (கோலாலம்பூர்)

நான் தாதி. முதியோர் வார்டில் பதினோரு வருடம். மறதியைத் தினமும் பார்க்கிறவள் என்பதால் எழுதுகிறேன்.

நினைவு என்பது ஒரே பெட்டிக்குள் இருக்கும் ஒரே சாமான் இல்லை. 1953-ல் அமெரிக்காவில் ஒருவருக்கு வலிப்பு நோய்க்காக மூளையின் இரண்டு பக்கத்திலும் உட்பகுதியை எடுத்தார்கள். அவர் பெயர் ஹென்றி மொலைசன். அதற்குப் பிறகு புதிதாக எதையும் அவரால் ஞாபகம் வைத்துக்கொள்ள முடியவில்லை. பிரெண்டா மில்னர் என்ற ஆய்வாளர் அவரை, கண்ணாடியில் தெரியும் பிம்பத்தை மட்டும் பார்த்து ஒரு நட்சத்திரத்தை வரையச் சொன்னார். நமக்கே கோணல்மாணலாக வரும். அவர் ஒவ்வொரு நாளும் தேறிக்கொண்டே வந்தார். ஆனால் ஒவ்வொரு நாளும் "இதை நான் முன்னே செய்ததே இல்லை" என்பார். நடந்ததை மறந்த ஆளுக்குக் கை மறக்கவில்லை.

இதைப் பாடத்தில் படித்தபோது எனக்கு ஒட்டவில்லை. வார்டில் பார்த்தபோதுதான் புரிந்தது. ஒரு பாட்டி இருந்தார். தன் பிள்ளைகள் யாரென்று தெரியாது, சாப்பிட்டாரா என்று தெரியாது. விடியற்காலை நாலு மணி சுமாருக்கு எழுந்து உட்கார்ந்துவிடுவார். இடது கையால் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொள்வார். வலது கை முட்டியை உடம்போடு ஒட்டி வைத்துக்கொண்டு, சின்னச் சின்ன இழுப்பாக, ஒரே சரிவில் காற்றைச் சீவுவார். கடைசி இழுப்பில் மணிக்கட்டு ஒரு திருப்பு திருப்பும். அப்புறம் குனிந்து எதையோ நிமிர்த்தி வைப்பார். அரை அடி தள்ளி உட்கார்ந்து மறுபடியும். எனக்குத் தோட்டம் தெரியாது. கூட வேலை செய்த அக்காதான் பார்த்துவிட்டு, "மரம் சீவுறாங்கடி. பால் பிடிக்கிற மங்கு, அதை நிமிர்த்தி வைக்கிறாங்க பாரு" என்றார். நானூறு மரமோ ஐந்நூறு மரமோ, அவர் நிரை முடியும் வரை நாங்கள் படுக்கச் சொல்வதில்லை.

உங்கள் தாத்தா வாயால் சொன்னது போகட்டும். சொல்ல முடியாதது போகுமா? வெள்ளொட்டு சொல்லை மட்டும்தானே எடுக்கிறது? சத்தம் கேட்டால் பதறுகிற உடம்பு, சோற்றை ஒளித்து வைக்கிற கை, முதுகைச் சுவரில் ஒட்டியே படுக்கிற பழக்கம், இதெல்லாம் சொல்லில் வராது. ஆக அவர் விடிந்து எழும்போது பயம் அப்படியே இருக்கும், எதற்குப் பயம் என்பது மட்டும் இருக்காது. அது எவ்வளவு கொடுமை என்று யோசித்துப் பாருங்கள். காரணம் தெரிந்த பயத்தைவிடக் காரணம் தெரியாத பயம் ராத்திரி வார்டில் ஆளைப் படுத்திவிடும், கண்ணால் கண்டது.

இன்னொன்று. சிகிச்சைக்கு முன்னால் போடும் மிடாசோலம் ஊசி பற்றிச் சிலர் கேட்பார்கள். அது போட்ட பிறகு நோயாளி நம்மோடு பேசுவார், கேட்டதற்குப் பதில் சொல்வார், பிறகு எதுவுமே ஞாபகம் இருக்காது. ஆனால் அது புது நினைவு பதிவதைத்தான் தடுக்கும், பழையதைத் தொடாது. பழைய நினைவு ஒன்றைப் பார்த்துப் பிடுங்கும் மருந்து எங்கள் அலமாரியில் இல்லை. அதனால் உங்கள் பொருள் மந்திரமாகவே இருக்கட்டும். மருந்து மாதிரி விளக்கம் கொடுக்கப் போகாதீர்கள்.


#5 ஈப்போ ரோடு (கோலாலம்பூர்)

அக்கா சொன்னதை ஒட்டி ஒரு விஷயம். "வாய்விட்டுச் சொன்னால்தான் போகும்" என்ற விதியைத் தண்ணீர்மலை எங்கிருந்து பிடித்தாரோ தெரியாது, அதற்கு அறிவியலில் ஓர் உறவு இருக்கிறது.

2000-ல் கரீம் நாதர், ஷேஃப், லெடு என்ற மூவர் நியூயார்க்கில் எலிகளை வைத்து ஒரு சோதனை செய்தார்கள். ஒரு சத்தம் கேட்டால் ஷாக் வரும் என்று எலி பழகியிருக்கிறது. புரதம் உருவாவதைத் தடுக்கும் மருந்தை அதன் மூளையில் பயத்தைப் பதிக்கும் பகுதியில் செலுத்துகிறார்கள். சும்மா செலுத்தினால் ஒன்றும் ஆவதில்லை. அந்தச் சத்தத்தை ஒரு முறை கேட்க வைத்து, எலி அதை நினைத்துப் பயந்த கையோடு செலுத்தினால், அடுத்த நாள் பயம் மங்கிப் போயிருக்கிறது. அதாவது ஒரு நினைவை வெளியே எடுக்கும்போது அது கொஞ்ச நேரம் இளகுகிறது. மறுபடி உறைய வேண்டியிருக்கிறது. உறைவதற்குள் கலைத்தால் கலைந்துவிடும்.

மங்கில் இருக்கும் பால் போலத்தான். அமிலம் ஊற்றுவதற்கு முன்னால் எந்த வடிவத்துக்கும் வரும், உறைந்த பிறகு வராது. இதை நாவலில் யாரும் விளக்க வேண்டாம். ஆனால் தாத்தா வேகமாக ஒப்பிக்கிற மாதிரி சொன்னால் போகாது, மறுபடி அங்கே போய் நின்று சொன்னால்தான் போகும் என்று வைத்தால் விதிக்கு உயிர் வந்துவிடும். மறப்பதற்கு ஒரு முறை முழுதாக அனுபவிக்க வேண்டும்.


#6 செந்தூல் வாசகி

எல்லாரும் பொருளைப் பற்றிப் பேசுகிறீர்கள். எனக்குக் கதையிலேயே ஒரு மறுப்பு இருக்கிறது. கோபமாகத் தெரிந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

சயாம் பாதை 415 கிலோமீட்டர். 1942-ல் தொடங்கி 1943 அக்டோபரில் முடித்தார்கள். நம் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் பேரை ஆசை காட்டியும் பிடித்தும் லாரியிலும் ரயிலிலும் ஏற்றிப் போனார்கள். காலரா வந்து கொட்டகை கொட்டகையாகச் செத்தார்கள். வெள்ளைக்காரப் போர்க்கைதிகளில் 12,000 பேருக்கு மேல் இறந்தார்கள். அவர்களுக்குக் காஞ்சனபுரியில் கல்லறைத் தோட்டம் இருக்கிறது, 6,000-க்கும் மேற்பட்ட கல், ஒவ்வொன்றிலும் பெயர், வயது, படைப்பிரிவு. நான் போய்ப் பார்த்தேன். புல்லை மட்டமாக வெட்டி, கல்லுக்குக் கல் பூச்செடி வைத்து அவ்வளவு அக்கறையாகப் பார்த்துக்கொள்கிறார்கள். ஆசியத் தொழிலாளிகள் அவர்களைவிடப் பல மடங்கு அதிகம் இறந்தார்கள். அந்த வரிசைகளில் என் பெரியப்பா பெயர் மாதிரி ஒரு பெயரைத் தேடினேன். இல்லை.

எங்கள் வீட்டில் அவரைப் பற்றி இருப்பது ஒரே வாக்கியம்: "சயாமுக்குப் போனார், வரவில்லை." கூடப் போய்த் திரும்பி வந்தவர்கள் யாரும் பேசவில்லை. பேசியிருந்தால் அந்த ஒரு வாக்கியம் இரண்டாகியிருக்கும். உங்கள் பாட்டி புகை போட்டுத் தாத்தாவின் வாயிலிருந்து எல்லாவற்றையும் எடுத்துக் காற்றில் விடுகிறாள், அதை நிம்மதி என்று எழுதுகிறீர்கள். எங்களுக்கு இருக்கிற கல் அவர்கள் ஞாபகம் ஒன்றுதான். அதையும் உடைக்கிற பொருளை நல்ல பொருள் என்று என்னால் படிக்க முடியாது.


#7 தண்ணீர்மலை

இரண்டு நாள் பதில் எழுத முடியவில்லை.

அக்கா, என் தாத்தாவும் போனவர். திரும்பினவர். அவர் சொன்னதாக எங்களிடம் இருப்பது எதுவும் இல்லை. மழை பெய்தால் எழுந்து வாசலில் நின்றுகொள்வார், அவ்வளவுதான் தெரியும். மழை நிற்கும் வரை உட்கார மாட்டார். சிறு வயதில் கூடப் போய் நின்றிருக்கிறேன், கையைப் பிடித்துக்கொள்வார், கை ஈரமாக இருக்கும். அவருக்கு ஒரு ராத்திரியாவது தூக்கம் கொடுக்க வேண்டும் என்றுதான் இந்தக் கதையைத் தொடங்கினேன். நீங்கள் சொன்ன பக்கத்தை நான் பார்க்கவே இல்லை. அவர் தூக்கத்துக்கு உங்கள் பெரியப்பா விலை கொடுக்கிறார்.

நான் தேடின விலை இதுதானோ என்று தோன்றுகிறது. எப்படி எழுதுவது என்று தெரியவில்லை.


#8 பழைய வீடு (ஜார்ஜ் டவுன்)

தம்பி, இந்த விலை நம் கதைகளில் ஏற்கெனவே இருக்கிறது. சகுந்தலையை எடுத்துக்கொள்ளுங்கள். துர்வாசர் சாபத்தில் மறந்தவன் துஷ்யந்தன். அவனுக்கு என்ன கஷ்டம்? நிம்மதியாக அரண்மனையில் இருக்கிறான். வயிற்றில் பிள்ளையோடு சபையில் நின்று "என்னைத் தெரியவில்லையா" என்று கேட்பவள் அவள். மறதிக்கு விலை கொடுப்பது மறக்கப்பட்டவர். மோதிரம் மீன் வயிற்றிலிருந்து வந்த பிறகுதான் அவன் அழுகிறான்.

மறக்க வைப்பது எப்போதும் கொடுமை என்றும் நான் நினைக்கவில்லை. பால்குடி மறக்கடிப்பது என்று ஒரு சொல் வைத்திருக்கிறோம். என் அம்மா தம்பிக்கு அப்படிச் செய்ததைப் பார்த்திருக்கிறேன். மார்பில் வேப்பெண்ணெய் தடவிக்கொண்டார். அவன் ஓடி வந்து வாயை வைத்தான், முகத்தைச் சுளித்து அம்மாவை நிமிர்ந்து பார்த்தான். அந்தப் பார்வையில் இருந்தது கசப்பைவிட ஆச்சரியம். இரண்டு நாள் கத்தினான். மூன்றாம் நாள் கேட்கவில்லை. நாலாம் நாள் அடுப்படியில் அம்மா தனியாக உட்கார்ந்து அழுதார், பால் கட்டி நெஞ்சு வலிக்கிறது என்று. மறந்தது அவன். கட்டிக்கொண்டது அம்மாவுக்கு.

ஆகவே நினைவு காற்றில் போக வேண்டாம். கேட்டவரிடம் போகட்டும். புகைக்குள் இரண்டு பேர் உட்கார வேண்டும். ஒருவர் சொல்ல வேண்டும், ஒருவர் கேட்க வேண்டும். கேட்டவர் இல்லையென்றால் வெள்ளொட்டு வேலை செய்யாது. தாத்தா இறக்கி வைத்தது பாட்டி மேல் ஏறும். செந்தூல் அம்மா கேட்ட கல்லும் உடையாது. இடம் மாறும்.


#9 செந்தூல் வாசகி

இடம் மாறினால் நான் படிப்பேன்.

ஆனால் பாட்டிக்குத் தெரிந்தே நடக்க வேண்டும். தெரியாமல் அவள் தலையில் ஏற்றினால் அது வேறு அநியாயம். நம் கதைகளில் பெண்களிடம் சொல்லாமலே நிறைய ஏற்றியாகிவிட்டது.


#10 ஈப்போ ரோடு

ஒரு சந்தேகம். ரப்பர்தான் வேண்டுமா? அகில் கட்டை இந்தக் காட்டிலேயே இருக்கிறது. மலாயில் கஹாரு என்கிறார்கள். நல்ல மரத்தில் வாசனையே கிடையாது. காயம் பட்டுப் பூஞ்சை ஏறினால்தான் மரம் தன்னைக் காத்துக்கொள்ளப் பிசினைச் சுரக்கும், அந்தக் கறுத்த பாகத்துக்குத்தான் விலை. வெளியிலிருந்து பார்த்தால் எந்த மரத்துக்குள் இருக்கிறது என்று தெரியாது. காட்டில் குறைந்துபோனதால் 1995-லேயே அனைத்துலக வாணிபக் கட்டுப்பாட்டுப் பட்டியலில் சேர்த்துவிட்டார்கள். அரிய பொருள் என்பதற்கு அது தயாராக இருக்கிறது. தணலில் போடும் பழக்கமும் உண்டு.


#11 நிரை ஏழு

அழகான மரம்தான். ஆனால் அகில் தேடிக் காட்டுக்குள் போவது பூர்வகுடி அஸ்லி மக்களுக்குக் கைவந்த வேலை. அது அவர்கள் கதை. நம் ஆட்கள் தினமும் தொட்ட மரம் ரப்பர். 1877-ல் கோலா கங்சாரில் நட்ட முதல் கன்றுகளில் ஒன்று இன்னமும் நிற்கிறது, போனால் பாருங்கள், நாலு பேர் கைகோத்துப் பிடிக்கிற மாதிரி பெருத்திருக்கிறது. பிரேசிலிலிருந்து கப்பலேறி வந்த மரம், தமிழ்நாட்டிலிருந்து கப்பலேறி வந்த ஆள். இரண்டுக்கும் இந்த மண் புதுசு. வெள்ளொட்டு இதில்தான் வர வேண்டும்.

புகைக்கும் இடம் இருக்கிறது. பால் ஷீட்டுகளைப் புகைக் கூண்டில் தொங்கவிட்டுத்தான் காய வைப்போம். புகை படிந்த சட்டையோடு வளர்ந்தவர்கள் நாங்கள்.


#12 இரவுப்பணி

எனக்கும் ரப்பர்தான். வாசனை பற்றி மட்டும் ஒரு வரி: மற்ற புலன்கள் மூளைக்குள் ஒரு நடுநிலையத்தைத் தாண்டித்தான் உள்ளே போகும். மணம் மட்டும் நேராக உணர்ச்சிக்கும் நினைவுக்கும் உரிய இடங்களைத் தொட்டுவிடும். நாறாத ஒட்டு என்று அண்ணன் சொன்னது அதனால்தான் எனக்குப் பிடித்தது. தோட்டத்தில் பிறந்தவருக்குக் கட்டிப்பால் நாற்றம் வந்தாலே பாதிப் பிள்ளைப்பிராயம் வந்துவிடும். எதையும் ஞாபகப்படுத்தாத ஒரே ஒட்டு இது.


#13 பழைய வீடு

இதை யார் யார் கையில் வைத்துக்கொள்ளப் பார்ப்பார்கள் என்று யோசித்தீர்களா? தோட்டத்துத் துரைக்குத் தெரிந்தால்? கூலிக் கணக்கு, அடி, வேலைநிறுத்தம் எல்லாவற்றையும் ஆட்கள் மறந்தால் அவருக்கு நல்லதுதானே.


#14 தண்ணீர்மலை

யோசித்தேன் ஐயா. ஆனால் நீங்கள் கொடுத்த விதியே அதைத் தடுத்துவிடுகிறது. தொழிலாளியை மறக்க வைக்கத் துரை எதிரே உட்கார்ந்து கேட்க வேண்டும். கேட்டால் அந்த அடியின் நினைவு துரைக்கு ஏறும், பட்டவர் பட்ட மாதிரியே. எந்தத் துரை உட்காருவார்? கணக்கெழுதும் கிராணியை உட்கார வைப்பார். ஒரே வாரத்தில் கிராணி பைத்தியம் பிடித்து ஓடுவார். இதை ஓர் அத்தியாயமாக எழுதலாம் போலிருக்கிறது. ஆனால் நாவல் பாட்டியுடையது, அங்கேயே நிற்கிறேன்.

கடைசியாக ஒரு கேள்வி. அந்த மரம் என்ன ஆகும்? இன்றைய பகுதியில் அது வர வேண்டும்.


#15 நிரை ஏழு

மரத்துக்கும் ஆயுள் கணக்கு உண்டு. நட்டு ஆறேழு வருடம் கழித்துதான் உளி வைப்பார்கள். இருபத்தைந்து முப்பது வருடத்தில் மறுநடவு. உங்கள் மரத்தில் ஐம்பதுகளில் பால் வெட்டினார்கள் என்றால் எழுபதுகளுக்குள் சாய்த்திருப்பார்கள். இப்போது அந்த இடத்தில் செம்பனையோ வீடு கட்டின தாமானோ இருக்கும்.

பிற்காலத்தில் ரப்பர் பலகையை மருந்தேற்றிக் காய வைத்து மேசை நாற்காலி செய்து வெளிநாட்டுக்கு அனுப்ப ஆரம்பித்தார்கள். பேரன் வீட்டில் ஒரு மேசையாக அந்த மரம் இருக்கலாம் என்று முதலில் நினைத்தேன். வேண்டாம். அந்தக் காலத்தில் சாய்ந்த மரம் விறகுதான். புகைக் கூண்டுக்கே விறகாகப் போகும். வெள்ளொட்டு விட்ட மரத்தைத் தெரியாமல் கூண்டில் போட்டு எரித்தால் அந்தப் புகை தொழிலாளிகள் குடியிருக்கும் லயம் முழுக்கப் படியும். அன்று ராத்திரி வாசலில் உட்கார்ந்து யார் யாரிடம் என்ன பேசினார்களோ, விடிந்தால் அதெல்லாம் ஆள் மாறியிருக்கும். பக்கத்து வீட்டு அம்மாவின் முதல் பிள்ளை செத்தது உங்கள் அம்மாவுக்கு ஞாபகம் வரும். ஒரு லயமே ஒருவர் நினைவை ஒருவர் சுமந்துகொண்டு திரியும். இன்றைக்குத் தாமானில், பிளாட்டில், சிங்கப்பூரில் சிதறிக் கிடக்கிற அந்த லயத்துப் பிள்ளைகளைத் தேடிப் போய்க் கேட்டால்தான் பேரனுக்குக் கதை முழுசாகக் கிடைக்கும்.


#16 ஈப்போ ரோடு

இதைப் படித்துவிட்டு வேலைக்குப் போக மனசில்லை.


#17 தண்ணீர்மலை

ஒரு வாரம் உட்கார்ந்து அந்த இரவையும் மறுநாளையும் திருத்தி எழுதினேன். மறுநாள் பகுதியை மட்டும் இங்கே போடுகிறேன். இரவில் தாத்தா சொன்னவற்றில் ஒன்று, பக்கத்து லயத்துப் பையன் ஒருவனைப் பற்றியது. அவன் அம்மா வெள்ளிக்கிழமைதோறும் வந்து விசாரிப்பாள். இதுவரை தாத்தா அவளிடம் பொய் சொல்லிக்கொண்டிருந்தார்: "பின்னால் வருகிற வண்டியில் வருவான்."

"விடிவதற்கு முன்பே பாட்டி பெரட்டுக்கு, ஆள் கணக்கெடுக்கும் இடத்துக்கு, போய் நின்றாள். ஆறு மணி சுமாருக்கு முதல் மரம். பழைய ஒட்டைப் பிரித்தாள், உளியை வலது மேலிருந்து இடது கீழாக இறக்கினாள். பால் கோட்டில் நிறைந்து ஓடி மங்கில் சொட்டியது. நூறாவது மரத்துக்கு வரும்போதுதான் தான் இதுவரை பார்த்தே இராத ஓர் ஆற்றின் பெயர் தன் நாக்கில் இருப்பதைக் கவனித்தாள்.

மாலையில் அந்தப் பையனின் அம்மா வந்தாள். வழக்கம்போலத் திண்ணையில் ஏறவில்லை, வாசலில் நின்றாள். 'என் பிள்ளை எந்த வண்டியில் வருகிறான், அண்ணே?'

அவர் எழுந்து நின்று, ரொம்ப மரியாதையாக, உண்மையாகவே தெரியாத முகத்தோடு கேட்டார்: 'எந்தப் பிள்ளைம்மா?'

வந்தவள் அப்படியே நின்றாள். இத்தனை மாதம் அவளுக்குக் கிடைத்த பொய்யும் இல்லாமல் போயிற்று. உள்ளே கோதுமை மாவு பிசைந்துகொண்டிருந்தவள் கையைக் கழுவாமலே வெளியே வந்தாள். அந்தப் பையனின் நெற்றி கொதித்தது அவள் உள்ளங்கையில் இருந்தது. அவன் கடைசியாகத் தண்ணீர் கேட்கவில்லை, அம்மா வைக்கும் புளிச்சாறு கேட்டான். அது அவளுக்குத் தெரிந்தது. 'நீ உள்ளே வா அக்கா,' என்றாள். 'உட்கார். நான் சொல்கிறேன்.'"


#18 செந்தூல் வாசகி

புளிச்சாறு.

இதை என் அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். கேட்டு முடித்துவிட்டு, பெரியப்பாவுக்குக் கருவாட்டுக் குழம்பு ரொம்பப் பிடிக்கும் என்றார். இத்தனை வருடத்தில் இப்போதுதான் சொல்கிறார். எங்களிடம் இப்போது இரண்டு வாக்கியம் இருக்கிறது.


#19 இரவுப்பணி

அந்தத் தாய் உள்ளே வந்து கேட்கும்போது தூபக்காலில் தணல் இருக்கக் கூடாது. அதை மட்டும் தெளிவாக எழுதிவிடுங்கள். பாட்டி சொன்ன பிறகும் பாட்டிக்கு அது இருக்க வேண்டும், அந்தத் தாய்க்கும் இருக்க வேண்டும். புகை இல்லாமல் சொன்னால் இருவரிடமும் இருக்கும் அல்லவா?


#20 தண்ணீர்மலை

இருக்கும் அக்கா. தூபக்காலைப் பாட்டி காலையிலேயே கழுவிக் கவிழ்த்துவிட்டாள் என்று ஒரு வரி சேர்த்துவிட்டேன்.


#21 நிரை ஏழு

அம்மாவுக்கு எண்பத்தொன்று. கண் தெரியாது, காது கேட்கும். நேற்று முழுவதையும் வாசித்துக் காட்டினேன். நடுவில் கையைத் தூக்கி நிறுத்தச் சொன்னார்.

கோடு தப்பாம். இடது மேலே, வலது கீழே. பட்டைக்குள் பால் குழாய் நேர் செங்குத்தாகப் போவதில்லை, லேசாகச் சாய்ந்து சுற்றும். இடமிருந்து வலம் இறக்கினால்தான் நிறைய குழாய் அறுபட்டுப் பால் வரும். நீங்கள் எழுதியபடி இறக்கினால் பால் குறையும், மண்டோர் அன்றைக்கே உளியைப் பிடுங்கிவிடுவார் என்கிறார். பாட்டி இடது கைக்காரியா என்றும் கேட்டார். அப்படியே இருந்தாலும் கோடு மாறாதாம், ஆள்தான் மரத்தின் அந்தப் பக்கம் மாறி நிற்க வேண்டும்.

அப்புறம் மங்கு கோட்டின் கீழ் முனைக்கு நேராக, உளி போட்ட இடத்திலிருந்து ஒரு சாண் கீழே. மழை வரும் போலிருந்தால் கவிழ்த்து வைக்க வேண்டும். அதையும் எழுதச் சொன்னார்.